மோசுல் கைமாறிய கதை

மத்திய கிழக்கின் எல்லைகள் யாவும் 1916ஆம் ஆண்டின் சைக்ஸ்-பிகோ இரகசிய உடன்படிக்கையில் கீறப்பட்டவை என்றே நம்மவர் பலரும் எழுதி வருகின்றனர். மோசுல் விடயத்தில் இக்கூற்று நிலைக்காது. அவ்வரைபடத்தில் மோசுல் பிரான்சின் பங்கு. உஸ்மானியர் 1918 ஒக்டோபர் 30இல் போர்நிறுத்தத்துக்கு ஒப்பமிட்ட பின்னரே பிரித்தானியப் படை அந்நகருக்குள் புகுந்தது. டிசெம்பரில் லண்டன் வந்த கிளெமென்சோவிடம் லொயிட் ஜோர்ஜ் மோசுலைக் கேட்டார், கிடைத்தது. சந்தையில் மாடு கைமாறக்கூட இதைவிடப் பேச்சு அதிகம்!

துருக்கி இணங்கவில்லை. 1925இல் சர்வதேச சங்கம் மோசுலை ஈராக்குக்கு வழங்கிற்று. ஈராக்கோ அன்று பிரித்தானியாவின் ஆணையாட்சியில் இருந்தது. மறு ஆண்டு உடன்பட்ட துருக்கிக்கு, ஈராக்கின் எண்ணெய் உரிமத்தொகையில் 10 வீதம், 25 ஆண்டுகளுக்கு.

அங்குள்ள குர்துகளின் மொழி நிர்வாகத்திலும் பாடசாலையிலும் இடம்பெற வேண்டுமென்று சங்கத்தின் விசாரணைக் குழு அன்றே கூறியிருந்தது. அரபியோடு குர்து மொழியும் நாடு முழுவதற்குமான அரசகரும மொழியென அரசியலமைப்பில் எழுதப்பட்டது 2005இல்.