நீலி போன வழி

ஜெர்மனியில் ரைன் நதியின் இடக்கரையில் லுட்விக்ஸ்ஹாஃபென் என்றொரு துறைமுக நகரம் இருக்கிறது. பவேரிய மன்னர் முதலாம் லுட்விக்கின் பெயரோடு துறைமுகம் என்று பொருள்படும் ‘ஹாஃபென்’ என்ற சொல்லைக் கூட்டி அமைத்த பெயர் அது. எதிர்க்கரையிலுள்ள மன்ஹைம் நகரில் 1865-இல் பிறந்த சாயக் கம்பெனி ஒன்று, அங்கே நிலம் வாங்கும் பேச்சு முறிந்துபோனதால், ஆற்றைக் கடந்து வந்து இக்கரையில் ஆலை எழுப்பிற்று. பாடன் தேசத்து அனிலீன் சோடா ஆலை என்ற அதன் நீண்ட பெயரின் முதலெழுத்துக்களையே இன்று உலகம் பி.ஏ.எஸ்.எஃப். என்று உச்சரிக்கிறது. ஊராரோ ஆலையைச் சுருக்கமாக ‘அனிலீன்’ என்றும், அதில் உழைப்பவரை ‘அனிலீனர்’ என்றும் வழங்குவார்கள். தமிழ்க் காதுக்கு மரியாதைப் பன்மை போல ஒலிக்கும் இந்தச் சொல்லின் வேர், ரைன் கரையில் ஒருபோதும் விளையாத ஒரு செடியின் சமஸ்கிருதப் பெயரில் இருக்கிறது என்பது சொல்லாராய்ச்சியின் விநோதங்களில் ஒன்று.

முதலில் ஒரு மயக்கத்தைத் தீர்த்துவிடுவது உசிதம். அனிலம் என்றால் காற்று என்று நம் அகராதிகள் சொல்லும். அனிலீனுக்கும் அந்த அனிலத்துக்கும் யாதொரு சம்பந்தமும் இல்லை. இதன் மூலம் ‘நீல’ என்ற சொல். இது இன்று நாம் காட்டும் நீல நிறத்தை மட்டும் குறித்ததன்று. கருமையை நெருங்கிய நிறங்களையெல்லாம் தழுவியது என்பதற்கு, மழை முகிலை நீலமேகம் என்று நாம் இன்றளவும் சொல்லிவருவதே போதிய சாட்சியம். அந்நிறத்தைத் தரும் செடிக்கு வடமொழியில் நீலி என்று பெயர், தமிழில் அவுரி. (பழையனூர் நீலியை இங்கே யாரும் நினைத்துப் பயப்பட வேண்டாம்.)

அவுரி இலையைக் கசக்கிப் பார்த்தால் அதில் நீலம் தென்படாது. இலையையும் தண்டையும் தொட்டியில் நீர் ஊற்றி ஊறவைத்து, அது புளித்துப் பசுமஞ்சளாக மாறிய பின் அந்நீரை மட்டும் கீழ்த்தொட்டிக்கு இறக்கி, ஆட்கள் உள்ளே நின்று துடுப்புக்களால் ஓயாமல் அடிப்பார்கள். அடிக்க அடிக்கக் காற்றுக் கலந்து, நீர் நீலம் பாய்ந்து, அடியில் சேறாகப் படியும். அதைக் காய்ச்சி, பிழிந்து, கட்டிகளாக அறுத்து உலர்த்தினால் சரக்குத் தயார். சாயத்தொட்டியில் தோய்த்தெடுத்த துணியும் அப்படித்தான்: வெளியே வரும்போது பசுமஞ்சளாக இருந்து, கண்ணெதிரே காற்றுப்பட்டு நீலமாகும். அனிலம் இல்லாமல் நீலம் இல்லை என்பது மெய்தான். ஆயினும் சற்றுமுன் சொன்ன மயக்கத்துக்கு இதை ஆதாரமாக்கிவிடக் கூடாது.

இந்தச் சரக்கு மேற்கே போனபோது அதற்கு இரண்டு பெயர்கள் வாய்த்தன. கிரேக்கர் ‘இந்திகோன்’, அதாவது இந்தியச் சரக்கு, என்றார்கள். இண்டிகோ என்பது அதன் வழிவந்தது. சர்க்கரையை நாம் சீனி என்பதுபோல, வந்த தேசத்தைச் சொல்லிப் பொருளை உணர்த்தும் வர்த்தகரின் வழக்கம் இது. பாரசீகரும் அராபியரும் அப்படிச் செய்யாமல் சொந்தப் பெயரையே வாங்கி ‘நீல்’ என்றார்கள். அரபு மொழியில் பெயருக்கு முன்னால் வரும் ‘அல்’, நகரத்தின் முன் தன் லகரத்தை இழந்துவிடும். ஆகவே அல்-நீல் என்பது அந்நீல் ஆயிற்று. ஸ்பானியரும் போர்ச்சுகீசியரும் அந்த ஒட்டையும் பெயரின் பகுதியென்றே எண்ணி வாங்கிக்கொண்டதால், போர்ச்சுகீசிய மொழியில் ‘அனில்’ பிறந்தது.

இனி ரசாயனிகளின் முறை. 1826-இல் உன்வெர்டோர்பென் என்பவர் அவுரி நீலத்தை வாலையில் வடித்து ஓர் எண்ணெயைக் கண்டு ‘கிரிஸ்டலின்’ என்றார். 1834-இல் ரூங்கே நிலக்கரித் தாரிலிருந்து எடுத்து, அது சலவைத்தூளோடு நீலம் காட்டியதால் ‘கியானோல்’ என்றார். நீலத்தைக் காரத்தோடு சூடாக்கி அதையே பெற்ற ஃபிரிட்ஷே, போர்ச்சுகீசிய அனிலை நினைத்து ‘அனிலீன்’ என்றார். ஸீனின் 1842-இல் வேறொரு மார்க்கத்தில் செய்து நான்காவது பெயரிட்டார். நான்கும் ஒரே வஸ்து என்று 1843-இல் ஹோஃப்மன் நிரூபித்தபோது, மற்ற மூன்றும் மறைந்து, நம் நீலியின் பேத்தி மட்டும் நிலைத்தாள். 1856-இல், கொயினா மருந்தைச் செய்ய முயன்ற பதினெட்டு வயது இளைஞர் பெர்க்கின், அசுத்தமான அனிலீனிலிருந்து தற்செயலாக ஊதாச் சாயத்தைக் கண்டார். தார்ச் சாயத் தொழில் அங்கிருந்து தழைத்தது.

கதையின் உச்சம் இனிமேல்தான். அவுரியைச் சிதைத்துப் பெற்ற பொருளுக்கு அவுரியின் பெயரை வைத்தவர்களின் வாரிசுகள், அப்பொருளின் இனத்தைக்கொண்டே அவுரியை உண்டாக்க முற்பட்டனர். பேயர் அதைச் செயற்கையாகச் செய்து அதன் அமைப்பையும் தெளிவாக்கினார். ஹாய்மன் 1890-இல் ஆலைக்கு உகந்த வழி காட்டினார். பெருந்தொகையைக் கரைத்த பின், 1897-இல் லுட்விக்ஸ்ஹாஃபென் ஆலையார் ‘சுத்த இண்டிகோ’வைச் சந்தைக்கு அனுப்பினார்கள். அவர்கள் பின்பற்றிய மார்க்கத்தில் நடுவே வரும் அமிலத்துக்கு ஆந்த்ரானிலிக் அமிலம் என்று பெயர்: முற்பாதி கரியைக் குறிக்கும் கிரேக்கச் சொல், பிற்பாதி நம் அனில். இந்தப் பெயரும் ஃபிரிட்ஷே இட்டதே. கரியும் நீலியும் கூடித்தான் நீலியைப் பெறப்போகின்றன என்று அவர் அறிந்து இட்டிருக்க முடியாது.

இந்தியாவில் இதன் விளைவு வேறு விதமாக இருந்தது. சம்பாரணில் ஒரு பிகா நிலத்தின் இருபது கட்டாக்களில் மூன்றில் குடியானவன் அவுரி பயிரிட்டே ஆகவேண்டும் என்பது தோட்டத்துரைகளின் ‘தீன்கடியா’ முறை. ஜெர்மானிய நீலத்தால் விலை சரிந்ததும், இனி அவுரி வேண்டாம் என்று அந்தக் கட்டாயத்திலிருந்து விடுவிப்பதற்கும் துரைகள் உயர்த்திய குத்தகையும் ரொக்கமும் வசூலித்தார்கள். 1917-இல் காந்தியடிகள் அங்கே போய்க் கேட்ட முறையீடுகளில் இதுவும் ஒன்று.

ரைன் கரையில் மட்டும் இந்தப் பெயர் தங்கிவிடவில்லை. பெர்லினில் இதே தொழிலுக்காக எழுந்த மற்றொரு கம்பெனி, பிற்காலத்தில் புகைப்படச் சுருள் செய்து நம் ஊர் ஸ்டூடியோக்களின் பலகைகளிலும் ஏறியது. அதன் பெயரான அக்ஃபா என்பதன் கடைசி அகரம், அனிலீனின் அகரம்.