ஆடும் காலுக்கு ஏற்ற பாதம்

எமது கல்லூரி விழாக்களில் நடனத்துக்கு எப்போதும் தனி இடம் உண்டு. அரைமண்டியில் அமர்ந்து வெறுங்காலால் மேடை அதிரத் தட்டி ஆடிய எமக்குச் சலங்கை மட்டும் போதுமாயிருந்தது. காலில் எதை அணிவது என்ற கேள்வியே எழவில்லை. மேல்நாட்டு பலே நடனத்திலோ அதுதான் முதற் கேள்வி. ஆடும் காலும் அதைத் தாங்கும் பொருளும் ஒன்றுக்கொன்று பொருந்திய வரலாறு பாரிஸில் தொடங்கி, ஜெய்ப்பூர் வழியாக எமது மாதோட்ட மண்ணுக்கும் வந்து சேர்ந்த ஒன்று.

1832 இல் பாரிஸ் மேடையில் மரீ தாக்லியோனி விரல்நுனியில் நின்று ஆடிப் புகழ்பெற்றார். அவர் அணிந்தது மெல்லிய சாட்டின் சப்பாத்து. ஓரங்களிலும் நுனியிலும் நெருக்கமாகப் போட்ட தையலே அதற்குப் பலம். துணியையும் கடதாசியையும் பசையிட்டு அடுக்கி இறுக்கிய நுனிப்பகுதி பின்னாளில் வந்தது. அத்தகைய சப்பாத்தைத் தெரிவு செய்பவர் நீளத்தை மட்டும் பார்த்தால் போதாது. அகலம் கூடினால் பாதம் உள்ளே வழுக்கி இறங்கி, உடற்பாரம் பெருவிரல் நுனியில் விழும். குறைந்தால் விரல்கள் நசுங்கும். உள்ளங்கால் வளைவு மிக உயர்ந்திருந்த அன்னா பவ்லோவா, தமது சப்பாத்தின் அடியைத் தோல் வைத்துப் பலப்படுத்திக்கொண்டார். அவர்மீது கொண்ட ஈடுபாட்டால் பலே பயின்ற ருக்மிணி தேவி, அவருடைய தூண்டுதலாலேயே சொந்த நாட்டு நடனத்தின் பக்கம் திரும்பி, 1936 இல் கலாக்ஷேத்திராவை நிறுவினார். அங்கு பயின்று வந்த ஆசிரியைகள் பலர் இலங்கையிலும் பரதம் கற்பித்தனர்.

1981 இல் திருச்சிராப்பள்ளிக்கு அருகே நடந்த பஸ் விபத்தில், பம்பாயைச் சேர்ந்த இளம் நர்த்தகி சுதா சந்திரன் காயமடைந்தார். அழுகல் ஏற்பட்டு, அவரது வலக்கால் முழங்காலுக்குக் கீழே அகற்றப்பட்டது. அவர் தேடிச் சென்றது ஜெய்ப்பூர் சவாய் மான்சிங் வைத்தியசாலையின் எலும்புமுறிவுச் சத்திரசிகிச்சை நிபுணர் பி. கே. சேத்தியை.

அதற்கு முன்னர் உலகில் பரவலாக வழங்கிய செயற்கைப் பாதம் சப்பாத்துக்குள் மறைந்திருப்பதற்கென்றே செய்யப்பட்டது. அதன் கணுக்கால் அசையாது. அதைக் கொண்டு குந்தியிருக்கவோ, சம்மணமிடவோ, வயற்சேற்றில் இறங்கவோ முடியாது. 1960களின் பிற்பகுதியில் சேத்தியும், முறையான பள்ளிப்படிப்பு அதிகம் இல்லாத கைவினைஞர் ராம் சந்திர சர்மாவும் சேர்ந்து இறப்பரில் ஒரு பாதத்தை வார்த்தெடுத்தார்கள். அது எல்லாப் பக்கமும் வளைந்து கொடுக்கும், நனைந்தாலும் கெடாது, சப்பாத்தும் வேண்டாம். பரதத்துக்கு வேண்டியதும் இதுதானே! பாதத்தை வெளிப்புறம் திருப்பி அரைமண்டியில் நிற்க வேண்டும்; முழு உள்ளங்காலும் தரையில் பதிய வேண்டும். வலியும் இரத்தக் கசிவும் தாங்கிப் பயின்ற சுதா 1984 இல் மீண்டும் மேடையேறினார். தமது கதையைச் சொன்ன ‘மயூரி’ படத்தில் தாமே நடித்தார்.

அந்தப் பாதம் கடல் கடந்து எம்மிடமும் வந்தது. 1985 இல் கொழும்பிலும், 1987 இல் யாழ்ப்பாணத்திலும் ஜெய்ப்பூர் கால் செய்யும் பணி தொடங்கியது. மன்னார்ப் பெருநிலப்பரப்பில் விறகுக்கும் வயலுக்கும் மாட்டுக்கும் போனவர்கள் மிதிவெடியில் கால் இழந்த காலம் அது. பின்னர் 2002 போர்நிறுத்தத்தோடு மிதிவெடி அகற்றும் பணி விரிவடைந்தது. 2017 டிசம்பரில் இலங்கை மிதிவெடித் தடை உடன்படிக்கையில் இணைந்தது. ஆனாலும் செயற்கைக் காலின் தேவை தீர்ந்துவிடவில்லை. இன்று நீரிழிவும் கால்களைப் பறிக்கிறது.

வைத்தியராக நான் வலியுறுத்த விரும்புவது ஒன்று. பாதம் எவ்வளவு சிறந்ததாயினும், எஞ்சிய காலை ஏந்தும் கிண்ணம் பொருந்தாவிட்டால் பயனில்லை. பலே சப்பாத்தின் கதைதான் இங்கும். கிண்ணம் தளர்ந்தால் கால் கீழிறங்கி அடியில் புண்படும். இறுகினால் தோல் உரியும். சத்திரசிகிச்சைக்குப் பின் முதல் மாதங்களில் எஞ்சிய கால் சுருங்கும். ஆகவே முதலிற் செய்த கிண்ணம் விரைவில் தளர்ந்துவிடும். பிள்ளைகளுக்கோ எலும்பு வளர வளர மாற்ற வேண்டும். பெரியவர்களுக்கும் சில ஆண்டுகளுக்கு ஒருமுறை புதிதாய்ச் செய்ய வேண்டும். பொருந்தாத கால் பல வீடுகளில் கதவின் பின்னால் சாத்திக் கிடப்பது இதனால்தான்.

உலகெங்கும் பரந்து வாழும் எம் சகோதரிகள் ஊருக்கு உதவ முன்வரும்போது, செயற்கைக் கால் வழங்கும் ஒருநாள் வைபவத்தோடு நின்றுவிடாதீர்கள். ஒரு பிள்ளைக்கு உதவுவதானால் அவள் வளர்ந்து முடியும்வரை உதவுங்கள். அளவெடுத்துச் செய்யும் தொழில்நுட்பவியலாளரின் பயிற்சிக்கும், கிராமத்திலிருந்து நிலையத்துக்கு வந்துபோகும் பஸ் செலவுக்கும் கொடுங்கள். அப்பிள்ளை நடனம் பழக விரும்பினால், முடியாது என்று ஆசிரியை சொல்லுமுன், அவளுடைய கால் சரியாகப் பொருந்தியிருக்கிறதா என்று ஒருமுறை பார்க்கச் சொல்லுங்கள்.