அச்சுப்பொறியை இழுத்த கைகள்

அமெரிக்கச் சுதந்திரப் போராட்டத்தைப் படிப்பிக்கும்போது நாம் வாஷிங்டனையும் ஜெபர்சனையும் பற்றி விரிவாகப் பேசுகிறோம். அவர்தம் சொற்களை ஈய எழுத்திற் கோத்து, மையிட்டு, மரப்பொறியில் அழுத்தி ஊரெங்கும் பரப்பியவர்களைப் பற்றிப் பேசுவதில்லை.

அச்சகத்தாரை முதலிற் களத்துக்கு இழுத்தது இலட்சியமன்று, கடதாசி. 1765இல் பிரித்தானியப் பாராளுமன்றம் முத்திரைச் சட்டத்தை நிறைவேற்றிற்று. வரி செலுத்தி முத்திரையிடப்பட்ட தாளிலேயே பத்திரிகை அச்சிடப்படவேண்டும். விளம்பரம் ஒவ்வொன்றுக்கும் 2 சிலிங் வேறு வரி. விளம்பரக் காசிலே உயிர்வாழ்ந்த சிறிய அச்சகங்கள் இதைத் தாங்குமா? சட்டம் அமுலாவதற்கு முதல் நாள், ஒக்டோபர் 31ஆந் திகதி, பிலடெல்பியாவில் வில்லியம் பிராட்போர்ட் தமது பத்திரிகையின் முதற் பக்கத்தைக் கல்லறை வடிவில் மண்டையோடு பொறித்து வெளியிட்டார். அடுத்த ஆண்டே சட்டம் நீக்கப்பட்டது. எனினும் வயிற்றுப்பாட்டிற் பிறந்த எதிர்ப்பு அதற்குள் அரசியலாகிவிட்டது. இதை அவர்களுக்கு இழுக்கென நாம் கொள்ளவில்லை. பெரும்பாலான போராட்டங்கள் அவ்வாறே பிறந்துள்ளன.

1775 ஏப்ரிலில், லெக்சிங்டனிற் போர் மூளுவதற்குச் சில நாட்களின் முன், ஐசாயா தோமஸ் தமது அச்சுப்பொறியை இரவிலே பொஸ்டனிலிருந்து வூஸ்டருக்குக் கடத்தினார். 1776 ஜூலை 4 இரவு ஜோன் டன்லப் சுதந்திரப் பிரகடனத்தை ஏறத்தாழ 200 படிகள் அச்சிட்டார். ஒப்பமிட்டோரின் பெயர்களோடு அதனை முதலில் வெளியிட்டவர் ஒரு பெண். 1777 ஜனவரியில் பால்டிமோரில் அதனை அச்சிட்ட மேரி கதரின் கோடார்ட், அடியிலே தம் பெயரையும் முழுமையாகப் பொறித்தார். பிரித்தானியா வென்றிருப்பின் அது இராசத்துரோகத்துக்குச் சான்றாகியிருக்கும். அவர் அந்நகரின் தபாலதிபருமாவார். புதிய குடியரசு 1789இல் அவரை அப்பதவியினின்றும் நீக்கியது. அவ்வேலைக்கு வேண்டிய பயணங்கள் பெண்ணுக்கு இயலாவாம்! 200க்கு மேற்பட்டோர் ஒப்பமிட்ட மனுவும் பயன்தரவில்லை.

இன்னொருவர் உளர். நியூ ஹாம்ப்ஷயரின் முதற் பத்திரிகையை 1756இல் போட்ஸ்மத் நகரிலே தொடங்கியவர் டானியல் பவுள் என வரலாறு கூறும். அவரது பொறியை இழுத்தவர் பிரைமஸ் என்னும் ஆபிரிக்கர், பவுளின் அடிமை. முதுமை தடுக்கும்வரை அவர் அத்தொழிலைச் செய்தார். சுதந்திரத்துக்காகக் குரலெழுப்பிய அக்காலப் பத்திரிகைகள் பலவற்றில், தப்பியோடிய அடிமைகளைப் பிடித்துத் தருவோருக்குப் பரிசு என்ற விளம்பரங்களும் வந்தன. 2 சிலிங் வரியிலிருந்து மீட்கப்பட்ட விளம்பரங்களில் அவையும் அடங்கும்.

பிரைமஸ் 1791இல் இறந்தார்.