பிரேக் லைனிங்கும் வீட்டு வாசலும்

காரின் பின் சக்கரத்தைக் கழற்றி, டிரம்மை உருவி, தேய்ந்துபோன பிரேக் ஷூவை மாற்றுவது பிரிட்டனிலும் அமெரிக்காவிலும் நெடுங்காலம் வீட்டு வேலையாகவே இருந்தது. ஜாக்கியும் ஸ்பேனரும் இருந்தால் போதும், கார் வைத்திருப்பவரே விடுமுறை நாளில் முடித்துவிடுவார். இன்று அந்த நாடுகளிலும் பெரும்பாலோர் காரைப் பட்டறைக்குத்தான் கொண்டுபோகிறார்கள். ஏன் என்று கேட்டால், அந்தக் காலத்துக் கார் எளிமையானது, இப்போதைய கார் கையில் அடங்காது என்ற பதில் வரும். எஞ்சினைப் பற்றிச் சொன்னால் சரிதான். பின் சக்கர டிரம்முக்கு இது பொருந்தாது. நம் அம்பாசிடருக்கு மூலமான 1956-ஆம் ஆண்டு மோரிஸ் ஆக்ஸ்ஃபோர்டின் பின் டிரம்மையும், இன்று ஷோரூமில் நிற்கும் ஒரு சின்னக் காரின் பின் டிரம்மையும் பக்கத்தில் பக்கத்தில் திறந்து வைத்துப் பாருங்கள். இரண்டிலும் பிறை வடிவில் இரண்டு ஷூக்கள், அவற்றை விரிக்க ஒரு வீல் சிலிண்டர், திரும்ப இழுக்க ஸ்பிரிங்குகள், ஒரு ஹேண்ட் பிரேக் கேபிள். புதிதாகச் சேர்ந்தது, தேய்மானத்துக்கு ஏற்ப ஷூவைத் தானாகத் தள்ளி வைக்கும் அட்ஜஸ்டர் மட்டும். அதுவும் அமெரிக்கக் கார்களில் 1940-களின் பிற்பகுதியிலேயே வந்துவிட்டது. எழுபது ஆண்டுகளாக இயந்திரம் ஏறக்குறைய அப்படியேதான் இருக்கிறது. மாறிக்கொண்டே வந்தது ஷூவின் மேல் இருக்கும் லைனிங். வீட்டில் இருப்பவர் இந்த வேலையில் எதைத் தொடலாம், எதைத் தொடக்கூடாது என்பதை ஒவ்வொரு காலத்திலும் அந்த லைனிங்தான் முடிவு செய்திருக்கிறது.

டிரம் பிரேக்கின் தொடக்கத்தை 1902-இல் பிரான்சின் லூயி ரெனோ செய்த அமைப்பிலிருந்து கணக்கிடுவது வழக்கம். ஜெர்மனியின் மேபாக் அதற்குச் சற்று முன்பே எளிமையான வடிவம் ஒன்றைச் செய்திருந்தார். ஆனால் லைனிங்கின் கதை காருக்கும் முந்தியது. இங்கிலாந்தின் டார்பிஷயர் மலைச்சரிவில் குதிரை வண்டி ஓட்டியவர்கள், இறக்கத்தில் சக்கரத்தை அழுத்தும் மரக்கட்டை சீக்கிரம் தேய்ந்துவிடக் கூடாதென்று அதன்மேல் பழைய பூட்ஸ் தோலை அடித்து வைத்தார்களாம். அதைக் கவனித்த ஹெர்பர்ட் ஃப்ரூட், தோலுக்குப் பதிலாகப் பருத்தி நெசவுப் பட்டையில் பிசின் ஏற்றி, பிரேக்குக்கென்றே ஒரு பொருளை உருவாக்கி 1897-இல் தொழில் தொடங்கினார். ஃபெரோடோ என்ற பிரேக் லைனிங்கின் பெயர் ஃப்ரூடின் பெயரிலிருந்து வந்ததுதான். பருத்திக் காலத்தில் லைனிங் மாற்றுவது வீட்டு வேலையா பட்டறை வேலையா என்ற கேள்வியே எழவில்லை. 1908 முதல் 1927 வரை ஒன்றரைக் கோடி எண்ணிக்கையில் விற்ற ஃபோர்டு மாடல் டி காரில் கால் பிரேக் சக்கரத்தில் இல்லை. கியர் பெட்டிக்குள் சுழலும் ஒரு டிரம்மைச் சுற்றி இறுகும் பட்டையில் இருந்தது. அந்தப் பட்டையின் பருத்தி லைனிங் தேயத் தேய, விவசாயி தன் கொட்டகையிலேயே மாற்றிக்கொண்டார். பழைய துணிப்பட்டையைப் பிய்த்துவிட்டுப் புதியதை வைத்து ரிவிட் அடித்தால் வேலை முடிந்தது. கையில் ஒட்டியது எண்ணெய்ப் பிசுக்கு மட்டும்.

பருத்திக்கு ஒரு குறை உண்டு. சுமார் 150 டிகிரி செல்சியஸைத் தாண்டினால் கருகிவிடும். காரின் எடையும் வேகமும் கூடியபோது, நெருப்புக்கு மசியாத நார் ஒன்று தேவைப்பட்டது. இருபதாம் நூற்றாண்டின் முதல் பத்தாண்டிலேயே இங்கிலாந்திலும் அமெரிக்காவிலும் ஆஸ்பெஸ்டாஸ் நார் லைனிங்குக்குள் வந்துவிட்டது. செம்புக் கம்பியோடு சேர்த்து நெய்த பட்டையாக வந்தது, பிறகு பிசினில் குழைத்து அச்சில் வார்த்த கட்டியாக மாறியது. நல்ல பிடிமானம், சூட்டைத் தாங்கும், விலை மலிவு. ஒரு லைனிங்கின் எடையில் பாதியளவு ஆஸ்பெஸ்டாஸாகவே இருந்த காலம் உண்டு. ஆனால் வேலை செய்யும் விதம் அதே ரிவிட்தான். தேய்ந்த லைனிங்கின் ரிவிட்டுகளைத் துளையிட்டு எடுத்து, ஷூவின் இரும்பைச் சுரண்டிச் சுத்தம் செய்து, புது லைனிங்கை வளைவோடு பொருத்தி, நடுவில் உள்ள துளையிலிருந்து தொடங்கி இரு முனைகளை நோக்கி ஒன்றுவிட்டு ஒன்றாக அடித்துக்கொண்டு போகவேண்டும். முனையிலிருந்து தொடங்கினால் நடுவில் லைனிங் தூக்கிக்கொள்ளும். அந்த இடுக்குதான் பின்னால் கீச்சிடும். ரிவிட்டின் தலை லைனிங்கின் மேற்பரப்புக்குக் கீழே புதைந்திருக்க வேண்டும். தேய்ந்து தேய்ந்து தலை வெளியே வந்தால் டிரம்மில் கோடு போட்டுவிடும். இதைப் படித்தால் ஒரு சுத்தியலும் ஒரு சின்னப் பட்டடையும் இருந்தால் எவரும் செய்யலாம் என்று தோன்றும். செய்தார்கள்தான். முனைகளை அரத்தால் சரித்து விடுவதும், டிரம்மின் வளைவுக்குச் சேரும்படி லைனிங்கைத் தேய்ப்பதும் அதே வேலையின் பகுதிகள். பறக்கும் பொடியை யாரும் பொருட்படுத்தவில்லை.

வீட்டுக்காரரின் கையிலிருந்து லைனிங்கை முதலில் வாங்கிக்கொண்டது பசை. 1949-இல் கிரைஸ்லர் நிறுவனம் சைக்கிள்பாண்ட் என்ற பெயரில், ரிவிட் இல்லாமல் சூட்டிலும் அழுத்தத்திலும் ஷூவோடு ஒட்டிய லைனிங்கைத் தன் கார்களில் கொண்டுவந்தது. ரிவிட் தலைக்காக ஒதுக்க வேண்டிய கனம் மிச்சமாவதால், அதே தடிமனில் கூடுதல் தூரம் ஓடியது. மற்ற கார் கம்பெனிகளும் அதன் வழியிலேயே போயின. ஒட்டும் வேலைக்கு அடுப்பும் அழுத்தும் கருவியும் வேண்டும், கொட்டகையில் அவற்றை வைத்துக்கொள்ள முடியாது. அதனால் வீட்டுக்காரர் லைனிங்கை மாற்றுவதை விட்டுவிட்டு, முழு ஷூவையே மாற்றத் தொடங்கினார். பழைய ஷூவைக் கடையில் கொடுத்துவிட்டு, புது லைனிங் ஒட்டிய ஷூவை வாங்கிவரும் எக்ஸ்சேஞ்ச் முறை பிரிட்டனில் சாதாரணமாயிற்று. ஜான் ஹெய்ன்ஸ் தன் முதல் பட்டறைக் கையேட்டை ஆஸ்டின் ஹீலி ஸ்பிரைட் காருக்காக 1966-இல் வெளியிட்டபோது, கார் உரிமையாளர் செய்ய வேண்டியிருந்தது கழற்றுவதும் மாட்டுவதும்தான். சிலர் இதைக் கைத்திறனின் இறக்கம் என்று எழுதுகிறார்கள். எனக்கு அப்படித் தோன்றவில்லை. ரிவிட் அடிப்பதைவிட ஸ்பிரிங்கை மாட்டுவதுதான் கடினம். எந்த ஸ்பிரிங் எந்தத் துளையில் என்று மறந்துவிடும் என்பதால்தான், ஒரு பக்கத்தை முடித்துவிட்டு மறுபக்கத்தைத் திற, திறக்காத பக்கத்தைப் பார்த்துக்கொண்டே மாட்டு என்ற அறிவுரை இன்றுவரை நிலைத்திருக்கிறது.

இரண்டாவது முறை வீட்டுக்காரரின் கையைத் தடுத்தது தூசி. டிரம் மூடிய பாத்திரம். டிஸ்க் பிரேக்கில் தேயும் பொடி காற்றோடு போய்விடும். டிரம்மில் தேய்வதில் பெரும்பகுதி உள்ளேயே தங்கும். ஐம்பதாயிரம் கிலோமீட்டர் ஓடிய டிரம்மை உருவினால், கறுத்த சாம்பல் நிறத்தில் மாவு போன்ற பொடி ஷூவின் ஓரத்திலும் ஸ்பிரிங் சுருள்களிலும் அப்பியிருப்பதைப் பார்க்கலாம். பட்டறையில் அதற்கு ஏர் அடித்தார்கள். வீட்டில் வாயால் ஊதினார்கள், அல்லது டிரம்மைத் தரையில் கவிழ்த்துத் தட்டினார்கள். கப்பல் கட்டும் தளத்திலும் இன்சுலேஷன் வேலையிலும் ஆஸ்பெஸ்டாஸ் என்ன செய்கிறது என்பதை நியூயார்க்கின் மவுண்ட் சைனாய் மருத்துவமனையில் இர்விங் செலிகாஃப் காட்டிய பின், அதே இடத்து ஆய்வாளர்கள் பிரேக் பட்டறைகளின் பக்கம் திரும்பினார்கள். 1976-இல் வெளிவந்த அவர்களின் ஆய்வு, டிரம் தூசியில் கிரிசோடைல் என்ற ஆஸ்பெஸ்டாஸ் நார் இருப்பதையும், ஏர் அடிக்கும்போது அது சுவாசிக்கும் காற்றில் கலப்பதையும் அளந்து காட்டியது. அமெரிக்கச் சுற்றுச்சூழல் பாதுகாப்பு முகமை 1986-இல் மெக்கானிக்குகளுக்கென்றே ஒரு சிறு நூல் போட்டது. கனெக்டிகட்டின் ஸ்ட்ராட்ஃபோர்டில் 1919 முதல் 1989 வரை பிரேக் லைனிங் செய்த ஒரு தொழிற்சாலையின் கழிவைக் கொண்டு அந்த ஊரின் வீட்டு மனைகளையும் விளையாட்டு மைதானத்தையும் மேடுபடுத்தியிருந்தார்கள். அந்த மண்ணை அள்ளிச் சுத்தம் செய்யும் பணி பல பத்தாண்டுகள் நீண்டது.

இங்கே ஒரு மறுப்பு உண்டு, அதை லேசாகத் தள்ள முடியாது. பிரேக் பிடிக்கும்போது எழும் சூட்டில் ஆஸ்பெஸ்டாஸில் பெரும்பகுதி சிதைந்து ஃபோர்ஸ்டரைட் என்ற கேடு குறைந்த கனிமமாக மாறிவிடுகிறது என்பதை 1960-களின் ஆய்வுகளே சொல்லிவிட்டன. மெக்கானிக்குகளை மொத்தமாக எடுத்துப் பார்த்த பல மக்கள்தொகை ஆய்வுகளில், ஆஸ்பெஸ்டாஸுக்கே உரிய மீசோதீலியோமா புற்றுநோய் தெளிவாகக் கூடியிருப்பதாகத் தெரியவில்லை. அப்படியிருக்க, சில ஆண்டுகளுக்கு ஒருமுறை டிரம்மைத் திறக்கும் வீட்டுக்காரருக்கு என்ன ஆபத்து என்று கேட்கலாம். அவருடைய பங்கு மெக்கானிக்கின் பங்கைவிட மிகக் குறைவு என்பதை ஒப்புக்கொள்ளத்தான் வேண்டும். ஆனால் சூட்டில் சிதைவது தேய்ந்த பொடி. அரத்தால் ராவும் புது லைனிங் எந்தச் சூட்டையும் பார்த்ததில்லை. மேலும், மெக்கானிக்கைக் காக்க எழுந்த சட்டம் வீட்டுக்குள் வரவில்லை. அமெரிக்காவின் 1994 தொழில் பாதுகாப்பு விதி, உறிஞ்சியோடு கூடிய மூடிய உறை அல்லது மெல்லத் தண்ணீர் விட்டுக் கழுவும் முறையைப் பட்டறைகளுக்குக் கட்டாயமாக்கியது. வாரத்துக்கு ஐந்து பிரேக் வேலைக்கு மேல் செய்யாத சின்னப் பட்டறைக்கு ஈரத்தால் துடைத்தால் போதும் என்று சலுகை தந்தது. கூலிக்கு ஆள் இல்லாத வீட்டுக்கு அந்த விதி பொருந்தாது. அங்கே பொடி படிந்த சட்டை குடும்பத்துத் துணிகளோடு சேர்ந்து துவைக்கப்படும். சுற்றுச்சூழல் பாதுகாப்பு முகமை 2007-இல் புதுப்பித்த கையேட்டில் வீட்டில் வேலை செய்பவர்களுக்கென்று ஒரு பகுதியைச் சேர்த்ததும் இதற்காகத்தான்.

டிஸ்க் பிரேக் வந்ததால்தான் டிரம் வேலை மறைந்தது என்பது இன்னொரு வாதம். 1953-இல் லெ மான் பந்தயத்தை டிஸ்க் பிரேக் பூட்டிய ஜாகுவார் வென்றது, 1955-இல் சிட்ரோயன் டிஎஸ் முன் சக்கரத்தில் டிஸ்க்கோடு வந்தது, எல்லாம் உண்மை. டிஸ்க்கில் பேட் மாற்றுவது டிரம் வேலையைவிடச் சுலபம் என்பதும் உண்மை. ஆனால் டிஸ்க் பிடித்துக்கொண்டது முன் சக்கரத்தை. பிரேக் அழுத்தும்போது காரின் எடை முன்பக்கம் சாய்வதால், நிறுத்தும் வேலையின் பெரும்பங்கு அங்கே விழுகிறது. பின் சக்கரத்துக்குக் குறைந்த வேலையும் ஹேண்ட் பிரேக்கைத் தாங்கும் பொறுப்பும்தான். இரண்டையும் டிரம் மலிவாகச் செய்துவிடும். அதனால்தான் கோடிக்கணக்கான கார்களின் பின்பக்கம் அது இன்னும் இருக்கிறது. டிரம் மறையவில்லை, அதைத் திறக்கும் ஆள்தான் மாறினார்.

நம்மூருக்கு இது என்ன சம்பந்தம் என்று கேட்பவர்களுக்கு: சென்னை பாடியில் 1962-இல் தொடங்கிய பிரேக்ஸ் இந்தியா, 1964-இல் வந்த ரானே பிரேக் லைனிங், 1974-இல் வந்த சுந்தரம் பிரேக் லைனிங்ஸ் ஆகியவற்றால் இந்தியாவின் பிரேக் தொழிலில் பெரும்பகுதி இந்த மாநிலத்தில் வேர்விட்டிருக்கிறது. ஆனால் கார் வைத்திருப்பவர் தானே ஷூ மாற்றும் பழக்கம் இங்கே பரவியதில்லை. கார் வைத்திருந்தவருக்கு டிரைவர் இருந்தார், தெருமுனையில் மெக்கானிக் இருந்தார். ஆகவே இங்கே லைனிங்கின் வரலாறு வீட்டு வாசலில் நடக்காமல் சாலையோரத்தில் நடந்தது. லாரி, பேருந்துகளுக்கு இன்றும் ரிவிட் லைனிங்தான். நெடுஞ்சாலை ஓரத்துப் பட்டறைகளில் லைனிங் அடிப்பவர் மேலே சொன்ன அதே நடுத்துளையிலிருந்துதான் தொடங்குகிறார். பைக், ஸ்கூட்டர் டிரம்மைத் திறப்பவர்கள் ஒவ்வொரு தெருவிலும் இருக்கிறார்கள், கையில் ஏர் பைப்போடு. ஐரோப்பிய ஒன்றியம் 2005-க்குள் ஆஸ்பெஸ்டாஸை நிறுத்தியது. அமெரிக்கா 1989-இல் போட்ட தடையை 1991-இல் நீதிமன்றத்தில் பெருமளவு இழந்து, 2024-இல்தான் கிரிசோடைலுக்குத் திரும்பத் தடை போட்டது. இந்தியாவில் முழுத் தடை இல்லை. ஆஸ்பெஸ்டாஸ் இல்லாத லைனிங் தாராளமாகக் கிடைக்கிறது. என்றாலும் பெட்டியில் பெயர் இல்லாத மலிவுச் சரக்கில் என்ன இருக்கிறதென்று கண்ணால் பார்த்துச் சொல்ல யாராலும் முடியாது.

வேடிக்கை என்னவென்றால், டிரம்மைத் திறக்க அஞ்ச வைத்த அதே குணத்துக்காக இப்போது அதை மறுபடி விரும்புகிறார்கள். ஐரோப்பாவின் யூரோ 7 விதி முதன்முறையாகப் பிரேக் தூசிக்கும் வரம்பு வைத்திருக்கிறது: பெட்ரோல், டீசல் காருக்குக் கிலோமீட்டருக்கு 7 மில்லிகிராம், முழு மின்சாரக் காருக்கு 3. தூசியைத் தனக்குள் அடைத்து வைக்கும் டிரம் இந்தக் கணக்கில் நல்ல பிள்ளை. மின்சாரக் காரில் மோட்டாரே வேகத்தைக் குறைத்துவிடுவதால் பின் பிரேக்குக்கு வேலையும் குறைவு, மூடிய டிரம்மில் துருவும் குறைவு. ஃபோக்ஸ்வாகன் தன் ஐடி.3 மின்சாரக் காரில் பின் சக்கரத்துக்கு டிரம் வைத்ததற்கு இதுதான் காரணம். ஆஸ்பெஸ்டாஸ் போன இடத்துக்கு அராமிட் நாரும் கண்ணாடி நாரும் உலோகத் துகளும் வந்திருக்கின்றன. அந்தப் பொடியும் மூச்சுக்கு உகந்ததல்ல. நீங்களே திறந்தாலும் மெக்கானிக் திறந்தாலும் டிரம்முக்கு ஏர் அடிக்க விடாதீர்கள். தண்ணீரோ பிரேக் கிளீனரோ தெளித்து, ஈரத்துணியால் துடைத்து, அந்தத் துணியை ஒரு கவரில் கட்டிப் போடச் சொல்லுங்கள். பக்கத்தில் பிள்ளைகள் நின்றால் முதலில் அவர்களை அனுப்பிவிடுங்கள்.