போடியில் ஏலக்காய் விலைபோன விதங்கள்

போடிநாயக்கனூரில் ஏலக்காயை விற்கும் முறை கடந்த நூற்றைம்பது ஆண்டுகளில் பலமுறை மாறியிருக்கிறது. முறை மாறும்போதெல்லாம் விலையைச் சொல்லும் அதிகாரமும் கைமாறியது. விளைவிப்பவர் கையில் மட்டும் அது முழுதாக வந்ததே இல்லை.

பத்தொன்பதாம் நூற்றாண்டில் ஏலமலை திருவிதாங்கூர் அரசின் தனியுரிமை. குடியானவர் காடு திருத்திப் பயிர் செய்யலாம். காயை வெளியே விற்க முடியாது. அறுவடையை அரசிடம் ஒப்படைத்து, அரசு வகுத்த பங்கைப் பெற்றுக்கொள்ள வேண்டும். சரக்கு ஆலப்புழைக் கிடங்குக்குப் போய் அங்கே விலைபோனது. பச்சை ஏலக்காயின் முதல்தரம் இன்றும் ஆலப்புழையின் பெயரால்தான் குறிக்கப்படுகிறது. பயிரிட்டவர்களில் பலர் மதுரைச் சீமைக்காரர்கள். போடி, கம்பம், உத்தமபாளையத்திலிருந்து மலையேறியவர்கள். காலடியிலேயே சந்தை இருந்தும் காய் எதிர்த்திசையில் போனது பெரிய அநீதி. மலைப்பாதைகளின் காவலை மீறிக் கள்ளத்தனமாகச் சரக்கு கிழக்கே இறங்கியதில் வியப்பில்லை.

1896இல் தனியுரிமை நீங்கி, நிலத்துக்குத் தீர்வை வந்தது. அதன்பின் காய் தடையின்றிப் போடிக்கு இறங்கியது. 1928இல் மதுரையிலிருந்து ரயிலும் வர, ஊர் மொத்த வியாபாரிகளின் இடமாயிற்று. இக்காலத்தில் விலை பேசியவர் வியாபாரி. பயிர் முதலுக்கு முன்பணம் கொடுத்தவரிடமே காயையும் கொடுக்க வேண்டியிருந்த சிறு விவசாயிக்குப் பேரம் பேச இடமில்லை.

1965ஆம் ஆண்டின் ஏலக்காய்ச் சட்டமும் அடுத்த ஆண்டு அமைந்த ஏலக்காய் வாரியமும் உரிமம் பெற்றோர் நடத்தும் பொது ஏலத்துக்கு வழிசெய்தன. 1987இல் அந்தப் பொறுப்பு நறுமணப் பொருள் வாரியத்துக்கு வந்தது. கூடத்தில் மாதிரிக் காய் கைமாறும். ஏலக்காரர் விலை கூவுவார். வியாபாரிகள் ஏற்றிக் கேட்பார்கள். பத்துப் பேர் காதில் விழும்படி விலை சொல்லப்பட்டதே விவசாயிக்குப் பெரிய லாபம். ஆனால் யார் கேட்கிறார் என்பது எல்லோருக்கும் தெரிந்ததால், வேண்டியவருக்காக ஒதுங்கிக்கொள்ளவும் இடமிருந்தது.

2007இல் போடியில் மின்னணு ஏலம் தொடங்கியது. வியாபாரி கணினி முன் அமர்ந்து பொத்தானை அழுத்துகிறார். கேட்டவர் பெயர் மற்றவருக்குத் தெரிவதில்லை. இடுக்கி மாவட்டத்துப் புற்றடியிலும் இதே ஏற்பாடு வந்தது. 2019 ஆகஸ்டில் கிலோ 7,000 ரூபாய் என்ற உச்சவிலை பதிவானது புற்றடியில்தான். 2021இல் இரு மையங்களும் இணைக்கப்பட்டு, போடியில் இருந்தபடியே புற்றடிச் சரக்குக்கும் விலை கேட்க முடிந்தது.

இத்தனைக்கும் நடுவே மாறாதது மாதிரி பார்க்கும் வழக்கம். வியாபாரி ஒரு பிடி காயைத் தட்டில் கொட்டி, பச்சை நிறம் எவ்வளவு நின்றிருக்கிறது என்று பார்ப்பார். ஒன்றிரண்டை உடைப்பார்: அரிசி கறுத்துப் பிசுபிசுப்பாக ஒட்டியிருந்தால் முற்றிய காய், வெளுத்திருந்தால் பிஞ்சிலே பறித்தது. பருமனும் லிட்டர் எடையும் அடுத்துப் பார்க்கப்படும். இந்தக் கணிப்புக்குத் திரையில் வழியில்லை.

வரத்து, விற்ற அளவு, உச்ச விலை, சராசரி விலை ஆகியவற்றை வாரியம் ஒவ்வோர் ஏலத்துக்கும் வெளியிடுகிறது. தோட்டத்துக்கே வந்து விலை பேசுபவரிடம் காயைக் கொடுக்கும் முன், சிறு விவசாயி பார்க்க வேண்டியது அதில் உள்ள சராசரி விலையை. உச்ச விலையை அல்ல.