போத்வின்னிக்கின் பட்டறை: சதுரங்கத் தயாரிப்பு ஒரு துறையாக வளர்ந்த வரலாறு

மிகைல் மொய்சேயெவிச் போத்வின்னிக் 1948, 1958, 1961 ஆகிய ஆண்டுகளில், மூன்று முறை, உலக சதுரங்கப் பட்டத்தை வென்றவர். அவருடைய ஆட்ட வாழ்க்கையில் முதற்பார்வைக்கு முரணாகத் தோன்றும் ஒரு கணக்கு இருக்கிறது. பட்டத்தைக் கையில் வைத்துக்கொண்டு அவர் ஆடிய ஐந்து பட்டப் போட்டிகளில் ஒன்றைக்கூட வெல்லவில்லை. இரண்டு சமனில் முடிந்தன, மூன்றில் தோற்றார். ஆனால் பட்டத்தை இழந்தபின் மறுபோட்டி ஆடும் வாய்ப்பு இரண்டு முறை கிடைத்தது. இரண்டிலும் தெளிவாக வென்றார். அவருடைய உண்மையான சாதனை எது என்பதை இந்தக் கணக்கே காட்டுகிறது. தோல்வியைப் பிரித்து ஆராய்ந்து, அடுத்த போட்டிக்கு வேறொரு ஆட்டக்காரராக வந்து உட்காரும் முறையை அவர் சதுரங்கத்துக்குக் கொடுத்தார்.

அவர் 1911 ஆகஸ்ட் 17 அன்று, அன்றைய ரஷ்யப் பேரரசின் ஆளுகையிலிருந்த பின்லாந்தின் குவொக்கலா என்ற ஊரில் யூதக் குடும்பம் ஒன்றில் பிறந்தார். ஊருக்கு இன்று ரெப்பினோ என்று பெயர். தாய் பல் மருத்துவர், தந்தை பல் கட்டும் தொழில்நுட்பர். 12 வயதில்தான் காய் நகர்த்தக் கற்றுக்கொண்டார். இன்றைய அளவுகோலில் இது மிகவும் தாமதம். ஆனால் 1925 நவம்பரில், உலகச் சாம்பியன் காபாபிளாங்கா லெனின்கிராடில் ஒரே நேரத்தில் பல பலகைகளில் ஆடிக் காட்டியபோது, அவரைத் தோற்கடித்தவர்களுள் 14 வயது போத்வின்னிக்கும் ஒருவர். 1931-இல் 20 வயதில் சோவியத் சாம்பியன் ஆனார். 1952-ஆம் ஆண்டுக்கான பட்டத்தையும் சேர்த்து, அந்தப் பட்டம் அவருக்கு மொத்தம் ஆறு முறை கிடைத்தது.

அவருடைய முறை முதலில் வெளிப்பட்ட இடம் 1933-இல் செக்கோஸ்லோவாக்கியாவின் சாலோ ஃப்ளோருடன் ஆடிய 12 ஆட்டப் போட்டி. ஃப்ளோர் அப்போது மேற்கு ஐரோப்பாவின் முன்னணி ஆட்டக்காரர்களில் ஒருவர். மாஸ்கோவில் நடந்த முதல் ஆறு ஆட்டங்களில் போத்வின்னிக் இரண்டில் தோற்றார், ஒன்றையும் வெல்லவில்லை. போட்டி லெனின்கிராடுக்கு மாறிய பிறகு, முதல் ஆட்டத்தில் தாம் வெள்ளைக் காய்களுடன் தோற்ற அதே கேரோ-கான் திறப்பை ஒன்பதாவது ஆட்டத்தில் மீண்டும் கொண்டுவந்தார். இடைப்பட்ட நாட்களில் அதை நுணுகி ஆராய்ந்து வைத்திருந்தார். அந்த ஆட்டத்தையும் அடுத்ததையும் வென்று, போட்டியை 6–6 எனச் சமன் செய்தார். தோற்ற திறப்பைக் கைவிடுவதே பெரும்பாலோர் செய்வது. அதைப் பழுதுபார்த்து அதே எதிரிமீது திருப்பியதில்தான் பிற்காலப் போத்வின்னிக் முழுமையாகத் தெரிகிறார்.

1935-இல் மாஸ்கோவில் ஃப்ளோருடன் முதலிடத்தைப் பகிர்ந்தார். முன்னாள் உலகச் சாம்பியன்களான லாஸ்கரும் காபாபிளாங்காவும் அவருக்குப் பின்னால் நின்றனர். 1936-இல் நாட்டிங்ஹாமில் காபாபிளாங்காவுடன் முதலிடத்தைப் பகிர்ந்தார். 1938-இல் நெதர்லாந்தில் நடந்த அவ்ரோ போட்டியில் கெரஸ், ஃபைன் ஆகியோருக்கு அடுத்து மூன்றாமிடமே கிடைத்தது. எனினும் அங்கே அவர் காபாபிளாங்காவை வென்ற ஆட்டம் நூற்றாண்டின் மிகச் சிறந்த ஆட்டங்களுள் வைத்துப் பேசப்படுகிறது. கருப்பாக ஆடிய காபாபிளாங்கா ராணிப் பக்கத்தில் ஒரு சிப்பாயைப் பிடிக்கப் போன நேரத்தில், வெள்ளை நடுப்பலகையில் முன்னேறி, தன் சிப்பாய் ஒன்றை ஆறாவது வரிசைவரை கொண்டுபோய் நிறுத்தியது. அதன் வழியை மறித்து நின்றது கருப்பு ராணி. 30-ஆவது நகர்த்தலில் போத்வின்னிக் மந்திரியை வெட்டுக்குக் கொடுத்து ராணியைப் பலகையின் ஓரத்துக்கு இழுத்தார். அடுத்த நகர்த்தலில் குதிரையையும் கொடுத்தார். சிப்பாய்க்கு வழி திறந்தது. பிறகு கருப்பு வரிசையாகக் கொடுத்த ‘செக்’குகளுக்கு வெள்ளை ராஜா ஒவ்வொரு கட்டமாக நடந்து ஒதுங்கியது. 41-ஆவது நகர்த்தலில் காபாபிளாங்கா தோல்வியை ஒப்புக்கொண்டார். வறண்ட ஆட்டக்காரர் என்று போத்வின்னிக்கை ஒதுக்குபவர்கள் இந்த ஓர் ஆட்டத்தை ஆடிப் பார்த்தால் போதும்.

இந்த ஆண்டுகளில் அவர் வகுத்த தயாரிப்பு முறைக்குச் சில நிலையான கூறுகள் இருந்தன. எதிரியின் பழைய ஆட்டங்களைத் திரட்டிப் படிப்பது, குறிப்பிட்ட திறப்புகளை நடு ஆட்டம்வரை ஆராய்ந்து வைப்பது, போட்டிக்கு முன் ஓய்வும் உடற்பயிற்சியும், நம்பகமான ஒருவருடன் ரகசியப் பயிற்சி ஆட்டங்கள். எல்லாவற்றுக்கும் மேலாக, தம் ஆட்டங்களைத் தாமே இரக்கமின்றி விமர்சித்து அச்சில் வெளியிடுவது. வெளியிட்டால் பிறர் பிழையைச் சுட்டுவார்கள். அதனால் விமர்சனம் நேர்மையாக இருக்கும் என்பது அவர் வாதம். புகைப்பழக்கம் இல்லாத அவர், பயிற்சி ஆட்டங்களில் தம் பயிற்சித் துணைவர் ரகோசினைப் புகைவிடச் சொல்லியும் வானொலியை அலறவிட்டும் ஆடிப் பழகினார். 1941-இல் ஆறு பேர் மோதிய ‘முழுமைச் சாம்பியன்’ போட்டியை 20-க்கு 13.5 புள்ளிகளுடன் வென்றார்.

தொழிலால் அவர் மின்பொறியாளர். பார்வைக் குறைவால் போர்க்காலத்தில் படையில் சேர்க்கப்படவில்லை. உரால் பகுதியின் பெர்ம் நகரில் மின்துறைப் பணியில் இருந்தார். 1951-இல் தொழில்நுட்ப அறிவியலில் டாக்டர் பட்டம் பெற்றார். ஒரு பொறியாளர் இயந்திரத்தை அணுகுவதுபோலவே அவர் சதுரங்க நிலையையும் அணுகினார் என்று சொல்வது மிகையாகாது.

1946-இல் உலகச் சாம்பியன் அலேகின் பட்டத்தோடேயே இறந்தார். காலியான இடத்தை நிரப்ப 1948-இல் ஹேக், மாஸ்கோ நகரங்களில் ஐந்து பேர் மோதினர். போத்வின்னிக் 14 புள்ளிகள், ஸ்மிஸ்லோவ் 11, கெரஸும் ரெஷெவ்ஸ்கியும் தலா 10.5, ஆய்வே 4. எஸ்தோனியரான கெரஸ், போத்வின்னிக்கிடம் முதல் நான்கு ஆட்டங்களிலும் தோற்றதால் அரசின் நெருக்குதல் பற்றிய ஐயம் அன்றிலிருந்து தொடர்கிறது. உறுதியான சான்று எதுவும் வெளிவரவில்லை. மூன்று புள்ளி இடைவெளியைப் பார்க்கும்போது, அந்த ஆண்டின் வலிமைமிக்க ஆட்டக்காரர் அவரே என்பதை மறுப்பது கடினம்.

அடுத்து வந்த மூன்று ஆண்டுகளும் ஆய்வேட்டுப் பணியில் கழிந்தன; போட்டி ஆட்டம் ஒன்றும் ஆடவில்லை. விளைவு 1951-இல் தெரிந்தது. பட்டப் போட்டியில் அவரை எதிர்த்த டேவிட் பிரான்ஸ்டைன் இரண்டு ஆட்டங்கள் மீதமிருக்கையில் ஒரு புள்ளி முன்னிலையில் இருந்தார். 23-ஆவது ஆட்டம் ஒத்திவைக்கப்பட்டபோது போத்வின்னிக்கிடம் இரு மந்திரிகள், எதிர்ப்பக்கம் இரு குதிரைகள். போத்வின்னிக் உறையில் எழுதி வைத்த நகர்த்தல் சிறந்தது அல்ல என்று பின்னர் தெரிந்தது. ஆயினும் ஆட்டம் தொடர்ந்தபோது குதிரைகள் மெல்ல மெல்லக் கட்டுண்டன. 57-ஆவது நகர்த்தலுக்குப் பிறகு பிரான்ஸ்டைன் பணிந்தார். கடைசி ஆட்டம் சமன், போட்டி 12–12. விதிப்படி பட்டம் சாம்பியனிடமே நின்றது. 1954-இல் ஸ்மிஸ்லோவுடனும் அதே 12–12. இந்தக் காலத்தில்தான் அவர் தம்மைச் சமமானவர்களுள் முதல்வர் என்று அழைத்துக்கொண்டார். அது தன்னடக்கமல்ல, கணக்குக்குப் பொருந்திய உண்மை.

1957-இல் ஸ்மிஸ்லோவ் 12.5–9.5 என வென்றார். 1958 மறுபோட்டியில் முதல் மூன்று ஆட்டங்களையும் போத்வின்னிக் கைப்பற்றி, 12.5–10.5 எனப் பட்டத்தை மீட்டார். 1960-இல் 23 வயது மிகைல் தால் 12.5–8.5 என்று அவரை வீழ்த்தினார். கணக்கிட முடியாத தியாகங்களும் சிக்கல்களும் பலகையை நிறைத்தன. போத்வின்னிக் 50-ஐ நெருங்கிக்கொண்டிருந்தார். அவர் கதை முடிந்ததாகவே பலர் நினைத்தனர். ஓராண்டில் தாலின் ஆட்டங்களைத் துருவிப் பார்த்தார். ராணிகள் வெட்டுப்பட்ட அமைதியான நிலைகளிலும், சிப்பாய்கள் பூட்டிக்கொண்ட நிலைகளிலும் தால் சாதாரணமாகவே ஆடுகிறார் என்று கண்டார். ஆட்டத்தை அங்கே இழுத்துச் சென்றார். 1961 முடிவு 13–8. தால் சிறுநீரகக் கோளாறால் நலிந்திருந்தார் என்பதையும் சேர்த்தே இந்த வெற்றியை மதிப்பிட வேண்டும். 1963-இல் பெத்ரோசியானிடம் 9.5–12.5 எனத் தோற்றார். மறுபோட்டி உரிமை அதற்குள் நீக்கப்பட்டிருந்ததால் திரும்பும் வழி அடைபட்டது.

1970-இல் பெல்கிரேடில் சோவியத் அணி உலக அணியைச் சந்தித்தபோது எட்டாவது பலகையில் மத்துலோவிச்சை வென்றார். அதே ஆண்டு போட்டி ஆட்டத்திலிருந்து விலகினார். ‘பயனியர்’ என்ற கணினிச் சதுரங்க நிரலில் பல ஆண்டுகள் உழைத்தார். எல்லா நகர்த்தல்களையும் சலிக்காமல், வல்லுநர்போல் சிலவற்றை மட்டும் தேர்ந்து ஆராயும் இயந்திரமே அவர் கனவு. அது கைகூடவில்லை, கணினிகள் வேகத்தின் வழியே வென்றன. அரசுக்கு நெருக்கமானவராகக் கருதப்பட்ட அவர், 1976-இல் நாட்டைவிட்டு வெளியேறிய சதுரங்க ஆட்டக்காரர் கொர்ச்னோயைக் கண்டிக்கும் கூட்டறிக்கையில் கையெழுத்திட மறுத்ததையும் பதிவு செய்ய வேண்டும்.

நீடித்து நின்றது அவருடைய பள்ளி. கார்ப்போவ், காஸ்பரோவ், கிராம்னிக் ஆகிய மூன்று பிற்கால உலகச் சாம்பியன்கள் அங்கே பயின்றவர்கள். 1962-இல் வர்ணா ஒலிம்பியாடில் ஃபிஷருடன் அவர் சமன் செய்த யானை இறுதியாட்டத்தைப் பல ஆண்டுகளுக்குப் பிறகும் மாணவர்களுக்குக் கொடுத்தார். கருப்புக் காய்களுடன் ஆடிய ஃபிஷர் தமக்கு வெற்றி என்று வாதிட்ட வழியில் கருப்பு எவ்வாறு தடுக்கப்படலாம் என்பதைக் கண்டுபிடித்தவன் 13 வயதுக் காஸ்பரோவ்.

போத்வின்னிக் 1995 மே 5 அன்று மாஸ்கோவில் காலமானார். 2000-இல் லண்டனில் கிராம்னிக், வீட்டில் ஆராய்ந்து வைத்திருந்த பெர்லின் தடுப்பைக் கொண்டு காஸ்பரோவின் வெள்ளைத் தாக்குதலை முடக்கிப் பட்டத்தைப் பறித்தார். ஒரே பள்ளியின் மாணவர்கள் இருவர். 2008-இல் ஜெர்மனியின் பான் நகரில் அதே கிராம்னிக்குக்கு எதிரே சென்னையின் விஸ்வநாதன் ஆனந்த் உட்கார்ந்தார். ஆனந்த் அதுவரை பெரும்பாலும் ராஜாவின் சிப்பாயை நகர்த்தியே ஆட்டத்தைத் தொடங்கிவந்தவர். அங்கே ராணியின் சிப்பாயை நகர்த்தினார். கருப்புக் காய்களோடு மூன்றாவது, ஐந்தாவது ஆட்டங்களை ஒரே திறப்பில் வென்றார். போத்வின்னிக் வகுத்த வழியிலேயே, பல மாதங்கள் மூடிய அறைக்குள் குழுவோடு செய்த தயாரிப்பு அது. போட்டி 6.5–4.5 என முடிந்தது.