பிந்துனுவெவப் படுகொலை

பிந்துனுவெவப் படுகொலை (25 ஒக்டோபர் 2000): இலங்கையின் ஊவா மாகாணத்தில், தேயிலைத் தோட்டங்கள் சூழ்ந்த பண்டாரவளைக்கு அருகே பிந்துனுவெவவில் இருந்த புனர்வாழ்வு முகாமில் அரச காவலில் இருந்த தமிழ் இளைஞர்கள் கொல்லப்பட்ட நிகழ்வு.

முந்திய நாள் மாலை கைதிகளுக்கும் முகாம் அதிகாரிகளுக்கும் முறுகல் ஏற்பட்டது. மறுநாள் காலை, அயற்கிராமங்களிலிருந்து வந்த சிங்களக் கும்பல் கத்தி, பொல்லுகளுடன் முகாமுக்குள் புகுந்து தாக்கித் தீயிட்டது. இதில் 27 பேர் மாண்டனர், பலர் காயமுற்றனர். ஆயுதம் தாங்கிய பொலிஸார் சுமார் 60 பேர் அங்கிருந்தும் தாக்குதலைத் தடுக்கவில்லை.

எதிரொலி: இறந்தோரில் பலர் வடக்கு, கிழக்கைச் சேர்ந்தவர்கள். ஆயினும் தேயிலைத் தோட்டப் பகுதிகளில் வாழும் மலையகத் தமிழரும் தலவாக்கலை, ஹட்டன் பகுதிகளில் ஆர்ப்பாட்டத்தில் இறங்கினர். அதைத் தொடர்ந்து இன மோதல் வெடிக்க, நுவரெலியா மாவட்டத்தில் ஊரடங்குச் சட்டம் பிறப்பிக்கப்பட்டது.

வழக்கு: ஜனாதிபதி விசாரணை ஆணைக்குழு அமைக்கப்பட்டது. 2003இல் கொழும்பு மேல் நீதிமன்றம் பொலிஸ் அதிகாரிகள் இருவர் உட்பட ஐவருக்கு மரண தண்டனை விதித்தது. மேன்முறையீட்டில், 2005 மே மாதத்துடன் அனைவரும் விடுதலையாயினர். காவலில் இருப்போரின் உயிருக்கு அரசே பொறுப்பு என்ற கோட்பாடு பொய்த்த இடமாக மனித உரிமை அமைப்புகள் இதைச் சுட்டுகின்றன.